துரையின் கமராவும் தொழிலாளியின் வரலாறும்
ஊவாத் தோட்டங்கள் பற்றிய பழைய படச்சுருள்களைத் தேடுதல் குறித்துச் சில அவதானங்கள்

1

மலையக மக்களின் வரலாற்றைப் பொருளாகக் கொண்ட ஆவணப்படங்களும் கதைப்படங்களும் அண்மைக் காலத்திற் பெருகி வருகின்றன. 1823 ஆம் ஆண்டைத் தொடக்கமாகக் கொண்டு 2023 இல் இருநூறாண்டு நினைவுகூரப்பட்டபோது, தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை மக்கள் நடந்து சென்ற அவ்வாண்டிலே, இப்பெருக்கம் தெளிவாகப் புலப்பட்டது. இது வரவேற்கத்தக்கதே. ஆயினும் இப்படங்கள் பலவற்றிலே மீண்டும் மீண்டும் இடம்பெறும் ஒரு காட்சித்துண்டு நம் கவனத்துக்குரியது. கறுப்பு வெள்ளையில் ஒரு மலைச்சரிவு. வரிசையாக நின்று கொழுந்து பறிக்கும் பெண்கள். அவர்களுள் ஒருத்தி கமராவை நோக்கிச் சிரிக்கின்றாள். பின்னணியில் ஒரு புல்லாங்குழல் அழுகின்றது. “இவர்களே நம் முன்னோர்” என்று ஒரு குரல் கூறுகின்றது.

அப்பெண் யாருக்காகச் சிரித்தாள்? அவளைச் சிரிக்கும்படி கூறியவர் யார்? அவள் நின்ற மலை ஊவாவைச் சேர்ந்ததா, டிக்கோயாவைச் சேர்ந்ததா, அன்றி அசாமைச் சேர்ந்ததா? அச்சுருளை எடுக்கப் பணம் கொடுத்தவர் எவர்? இவ்வினாக்களுக்கு விடை தேடாமலே அக்காட்சி நமது படங்களுக்குள் வந்து சேர்ந்துவிடுகின்றது. தேயிலைக் கம்பனிக்காக எடுக்கப்பட்ட விளம்பரம், இசை மட்டும் மாற்றப்பட்டு, தொழிலாளரின் வரலாறாக உருமாறி விடுகின்றது.

பழைய படச்சுருளைத் தேடிப் பெற்றுப் புதிய படத்திற் பயன்படுத்துதல் ஒரு தொழில்நுட்பக் காரியமென்றே பொதுவாகக் கருதப்படுகின்றது. தயாரிப்பு உதவியாளர் ஒருவர் பட்டியல்களைப் பார்ப்பார், விலை கேட்பார், வாங்கிக் கொடுப்பார். இக்கருத்து முழுமையானதன்று. ஒரு பழைய இலக்கியப் பிரதியை அதனைத் தோற்றுவித்த சமூக உறவுகளிலிருந்து பிரித்து விளங்கிக்கொள்ள இயலாதது போலவே, படச்சுருளையும் அதனைத் தோற்றுவித்த உறவுகளிலிருந்து பிரித்துப் பயன்படுத்த இயலாது. எனவே சுருளைத் தேடுவதும் திறனாய்வுப் பணியே. ஊவாத் தோட்டங்களைச் சான்றாகக் கொண்டு இதனை விளக்க முற்படுகின்றோம்.

2

இக்கலைக்கு ஒரு வரலாறு உண்டு. அதன் தொடக்கத்தில் நிற்பவர்களுள் முதன்மையானவர் சோவியத் ஒன்றியத்தைச் சேர்ந்த எஸ்ஃபிர் ஷுப் என்னும் பெண் படத்தொகுப்பாளர். 1917 பெப்ரவரிப் புரட்சியின் பத்தாண்டு நிறைவையொட்டி 1927 இல் அவர் உருவாக்கிய ‘ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ முற்றிலும் பழைய சுருள்களால் ஆனது. ஏறத்தாழ 60,000 மீற்றர் படச்சுருளைப் பார்வையிட்டு, அதிலிருந்து 5,200 மீற்றரை மேலதிக வேலைக்கெனத் தெரிந்தெடுத்தார். அவற்றுட் பல ஜார் மன்னனின் குடும்பத்தைப் புகழ அரண்மனைப் படப்பிடிப்பாளர் எடுத்தவை. அரச விருந்தினர் கப்பற்தளத்தில் நடனமாடி வியர்வை துடைக்கும் காட்சியை அவர் எடுத்து, அதன் அருகே மண் வெட்டி வியர்க்கும் உழைப்பாளரின் காட்சியை வைத்தார். இரண்டிலும் ஒரு சட்டகத்தையேனும் அவர் மாற்றவில்லை. மன்னனின் கமரா மன்னனுக்கு எதிராகச் சாட்சி சொல்லிற்று. ஆளும் வர்க்கத்தின் படச்சுருளை அதன் நோக்கத்துக்கு எதிராகவும் வாசிக்க முடியும் என்பதே ஷுப் நமக்குத் தரும் பாடம்.

தமிழ் மக்கள் பெருமைப்படத்தக்க மற்றொரு முன்னோடி ஏ. கே. செட்டியார். 1937 இல் நியூயோர்க்கிலிருந்து டப்ளின் நோக்கிச் சென்ற கப்பலில் காந்தியைப் பற்றிய ஆவணப்படமொன்றைத் தயாரிக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றிற்று. காந்தியைத் தாமே படமெடுப்பது மட்டும் போதாது, ஏற்கெனவே உலகெங்கும் எடுக்கப்பட்டுச் சிதறிக் கிடக்கும் சுருள்களைத் திரட்டவேண்டும் என்பதை அவர் உணர்ந்தார். நாடு நாடாக அலைந்து, பலர் பல காலங்களில் எடுத்தவற்றுள் ஏறத்தாழ 50,000 அடியைத் திரட்டி, 12,000 அடிப் படமாகத் தொகுத்தார். 1940 ஓகஸ்டில் அது சென்னையில் திரையிடப்பட்டது. ஆட்சியாளரின் கண்காணிப்புக்கிடையே, பெருநிறுவனமெதுவும் பின்னில்லாமல், முப்பது வயதுகூட நிரம்பாத ஒருவர் இதனைச் செய்தார் என்பது நோக்கற்பாலது. அப்படமே பின்னர் பல்லாண்டுகள் கிடைக்காமற் போய், ஆய்வாளர் அதன் பிரதியைக் கடல்கடந்து தேடவேண்டியதாயிற்று. சுருளைத் திரட்டியவரின் படைப்பே தேடப்படும் சுருளாயிற்று.

காந்தி 1927 நவம்பரில் இலங்கைச் சுற்றுப்பயணத்தின்போது பதுளைக்கும் வந்து உரையாற்றினார். ஒரு தலைவர் வந்து நின்ற நாளுக்கு எழுத்துச் சான்றுகள் மிகுதியாகக் கிடைக்கும். அவரைக் காண மலையிலிருந்து இறங்கி வந்தோரின் ஏனைய நாட்களைப் பதிவுசெய்தவர் யார் என்பதே நமது பிரச்சினை.

3

ஊவாவுக்குள் கமரா எவ்வாறு வந்தது என்பதை, ஊவாவுக்குள் மூலதனம் எவ்வாறு வந்தது என்பதிலிருந்து பிரிக்க முடியாது. கோப்பி வீழ்ந்து தேயிலை எழுந்தபின், தோமஸ் லிப்டன் 1890 இல் அப்புத்தளையை அடுத்த தம்பேதன்னைத் தோட்டத்தில் தமது தொழிற்சாலையை நிறுவினார். 1924 இல் புகையிரதப் பாதை பதுளையை எட்டியது. கொழுந்து தூளாகிக் கொழும்புக்குச் சென்ற அதே பாதையால் அரிசியும் ஆட்களும் பின்னாளிற் கமராவும் வந்து சேர்ந்தன.

உலகப் பொருளாதார நெருக்கடியால் தேயிலை விலை வீழ்ந்த பின்னணியில், 1932 இல் இலங்கைத் தேயிலைப் பிரசார சபை அமைக்கப்பட்டது. அச்சபையின் பணத்திலேயே ‘சோங் ஒவ் சிலோன்’ என்னும் புகழ்பெற்ற ஆவணப்படம் 1934 இல் உருவாயிற்று. ஜோன் கிரியர்சன் தயாரித்தார். பசில் ரைட் இயக்கினார். தலா ஒரு சுருள் கொண்ட நான்கு பயணப்படங்களே முதலிற் கேட்கப்பட்டன; அவை இணைந்து நான்கு பகுதிகள் கொண்ட ஒரு படமாயின. 1935 இல் பிரசெல்ஸ் விழாவிற் பரிசு பெற்ற இப்படம் உலக ஆவணப்பட வரலாற்றில் ஒரு மைல்கல்லாகக் கொள்ளப்படுகின்றது. அதன் கலையழகை நாம் மறுக்கவில்லை. இலக்கியத்திற் போலவே இங்கும் அழகினை மறுப்பது திறனாய்வாகாது. அவ்வழகு எதனைப் புலப்படுத்துகின்றது, எதனை மறைக்கின்றது என்று கேட்பதே திறனாய்வு.

சிவனொளிபாதமலை யாத்திரையும் சிங்களக் கிராம வாழ்வும் புத்தர் சிலைகளும் அப்படத்தின் பெரும்பகுதியை நிரப்புகின்றன. ‘வணிகத்தின் குரல்கள்’ என்னும் மூன்றாம் பகுதியிற் கொழுந்து பறிக்கும் பெண்கள் காட்டப்படுகின்றனர். அவர்களது உருவத்தின்மேல் நாம் கேட்பது சந்தை விலைகளும் கப்பற் செய்திகளும் வணிகக் கடிதங்களும் வாசிக்கப்படும் ஆங்கிலக் குரல்களாகும். படத்தின் ஒலி இலங்கையிற் பதிவாகவில்லை. வோல்ட்டர் லீயின் இசையமைப்புடன் லண்டனிலே சேர்க்கப்பட்டது. விவரணத்துக்கு 1681 இல் வெளியான றொபேட் நொக்ஸின் நூல் எடுத்தாளப்பட்டது. அதனை லயனல் வென்ட் வாசித்தார்.

இங்கே ஒரு முரண்பாடு உண்டு. உழைக்கும் உடல்மீது விலைப்பட்டியலை ஒலிக்கவிட்டதன் மூலம், தம்மையறியாமலோ அறிந்தோ, பசில் ரைட் ஏகாதிபத்திய வணிகத்தின் உண்மையை வெளிப்படுத்திவிட்டார். தொழிலாளிக்கும் அவளுடைய உழைப்பின் பயனுக்கும் இடையிலுள்ள அந்நியமாதல் ஒலிக்கும் காட்சிக்கும் இடையிலுள்ள இடைவெளியாக அங்கே நிற்கின்றது. ஆனால் இன்றைய படத்தயாரிப்பாளர் இக்காட்சியை எடுக்கும்போது முதலிற் செய்வது யாது? அக்குரல்களை நீக்கிவிட்டு நாட்டார் பாடலொன்றை வைப்பதே. கொச்சையான விளம்பரத்திலிருந்து அப்படத்தை வேறுபடுத்திய ஒரே கூறு இவ்வாறு அழிக்கப்படுகின்றது. சி. வி. வேலுப்பிள்ளை போன்றோர் திரட்டிய மலையகப் பாடல்கள் விலைமதிப்பற்றவை. ஆயினும் அவை அச்சுருளில் ஒலித்தவையல்ல; நாம் சேர்த்தவை என்பதைப் பார்வையாளருக்கு உணர்த்தும் கடமை நமக்குண்டு.

4

இனித் தேடும் முறையை நோக்குவோம். சுருள்கள் எங்கே உள்ளன? பிரித்தானியக் கம்பனிகளின் தலைமையகங்கள் லண்டனில் இருந்தமையால் அவற்றின் ஆவணங்களுட் கணிசமானவை அங்கேயே தங்கின. 1972 லும் 1975 லும் நிகழ்ந்த காணிச் சீர்திருத்தத்தினால் தோட்டங்கள் அரசுடைமையாயின. காகிதங்களும் சுருள்களும் அவற்றோடு கைமாறின என்று கொள்வதற்கில்லை. எனவே தேடல் பெரும்பாலும் பிரித்தானியாவில் தொடங்குகின்றது. குடியேற்றகாலத் திரைப்படங்கள் பற்றி அங்குள்ள பல்கலைக்கழகங்களும் காப்பகங்களும் இணைந்து 2010 இல் வெளியிட்ட விவரப் பட்டியலில் 6,000 க்கு மேற்பட்ட படங்கள் இடம்பெற்றுள்ளன. பிரித்தானிய பாத்தே நிறுவனம் 2014 இல் தனது 85,000 செய்திப்படங்களை எவரும் காணத்தக்கவாறு வெளியிட்டது.

இலங்கையில் 1948 இல் அமைந்த அரசாங்கத் திரைப்படப் பிரிவின் படங்களும் 1982 இல் ஒளிபரப்பைத் தொடங்கிய ரூபவாஹினியின் பதிவுகளும் முக்கியமானவை. ஆனால் இங்கு அழிவின் வரலாறும் உண்டு. ஹெந்தளையிலிருந்த விஜயா ஸ்ரூடியோ 1983 யூலை வன்முறையில் எரிக்கப்பட்டபோது படச்சுருள்களும் எரிந்தன. படச்சுருள் தானாகவும் அழியும். ஏறத்தாழ 1950 வரை 35 மில்லிமீற்றர் படத்துக்குப் பயன்பட்ட நைத்திரேற்றுச் சுருள் எளிதில் தீப்பற்றுவது. பின்வந்த அசற்றேற்றுச் சுருளோ ஈரமும் வெப்பமும் நிறைந்த இடத்தில் வினாகிரி நாற்றத்துடன் சுருங்கிச் சிதைவது. இடம்பெயர்ந்த வீடொன்றின் பெட்டியிலோ பழைய பங்களாவின் அலுமாரியிலோ தகரப்பேழை அகப்படின், அதனை எறிகருவியில் இட்டு ஓட்டிப் பார்த்தல் கூடாது. முதலில் முகர்ந்து பார்த்தல் வேண்டும்.

கதைப்படங்களும் காப்பகமே என்பதை நாம் மறத்தலாகாது. 1963 இல் வெளிவந்த ‘தோட்டக்காரி’, தொழிற்சங்கத் தலைவர் வி. பி. கணேசன் 1975 இல் உருவாக்கிய ‘புதிய காற்று’ ஆகியன தோட்ட வாழ்வைக் களமாகக் கொண்டவை. இத்தகைய படங்களிற் கதைமாந்தரின் பின்னே தற்செயலாகப் பதிந்த லயம், பெரட்டுக்களம், பாதை என்பன, கதை பழையதாயினும் பழையதாகாத சான்றுகள்.

அகப்பட்ட சுருளை எவ்வாறு வாசிப்பது? முதலில் அதன் வயதை அறிதல் வேண்டும். கொடாக் நிறுவனம் தனது சுருளின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் முதலிய குறிகளை அச்சிட்டு வந்தது. அவற்றைக் கொண்டு சுருள் உற்பத்தியான ஆண்டை அறியலாம். ஆயின் இருபது ஆண்டுக்கொருமுறை குறிகள் மீண்டும் வருவதால் அவை தனித்து முடிவாகா. மௌனப்படச் சுருள்கள் செக்கனுக்குப் பதினாறு அல்லது பதினெட்டுச் சட்டகம் என்னும் வேகத்தில் எடுக்கப்பட்டவை. அவற்றை இன்றைய இருபத்துநான்கு சட்டக வேகத்தில் ஓட்டினால், மலையேறும் தொழிலாளி கோமாளி போலத் துள்ளுவார். வேகத்தைச் சரிசெய்தல் நுட்பப் பிரச்சினை மட்டுமன்று. அது மனித கண்ணியம் பற்றிய பிரச்சினையுமாகும்.

அடுத்தது இடம். ஊவாத் தோட்டங்கள் மத்திய மலைத்தொடரின் கிழக்குச் சரிவில் உள்ளவை. அவற்றின் பெருமழை வடகீழ்ப் பருவக்காற்றோடு வருவது. யூலை முதல் செப்தெம்பர் வரை வீசும் வறண்ட காற்றே ஊவாத் தேயிலைக்கு அதன் தனிச்சுவையை அளிக்கின்றது. எனவே ‘பதுளை, ஓகஸ்ட்’ என்ற குறிப்புடன் தென்மேற் பருவத்து அடைமழைக் காட்சி ஒன்று கிடைப்பின் ஐயுறல் வேண்டும். அது அற்றன் பக்கத்ததாக இருக்கலாம். சம உயரக் கோட்டில் ஒரே சீராக நடப்பட்ட வீப்பித் தேயிலை 1950 களின் பிற்பகுதியிலிருந்து பரவியது. ‘1930’ எனக் குறித்த சுருளில் அது காணப்படின் குறிப்பே தவறானது. காப்பகப் பட்டியலை எழுதியவர் ஊவாவைக் கண்டிராதவராக இருக்கலாம். பட்டியலும் ஒரு பிரதியே, அதுவும் திறனாய்வுக்குரியதே.

ஆனால் எல்லாவற்றினும் சிறந்த வாசகர் உழைத்தவர்களே. பசறைப் பகுதித் தோட்டமொன்றில், நிறமூட்டிய பழைய விளம்பரச் சுருளொன்றை மடிக்கணினியில் நாம் முதிய பெண்கள் சிலருக்குக் காட்டினோம். அது உண்மையான வேலைக் காட்சியென்றே நாம் எண்ணியிருந்தோம். பார்த்தவுடன் ஒரு பாட்டி சிரித்தார்: “சேலையப் பாருங்க சார், தீவாளிச் சேல. மலையில யாரு இப்புடி உடுத்துவா? இடுப்புல படங்கு எங்க?” அருகிலிருந்தவர் விரல்களைக் கவனித்தார்: “இது கொழுந்து எடுக்கிற கையே இல்ல. முத்தல இல்ல கிள்ளுது! கணக்கப்பிள்ள பாத்தா பேரு விழுமா?” பல மாதங்கள் பட்டியல்களைப் புரட்டியும் நாம் காணாததை அவர்கள் அரை நிமிடத்திற் கண்டனர். அச்சுருளை நாம் எறிந்துவிடவில்லை. உழைப்பின் சான்றென இருந்த அதனை, உழைப்பு எவ்வாறு வேடமிடப்பட்டது என்பதற்கான சான்றாக மாற்றிக் குறித்துக்கொண்டோம். அவ்வளவில் அதன் மதிப்பு உயர்ந்ததேயன்றிக் குறையவில்லை.

5

கமரா கண்டதைத் தேடுவது ஒரு பாதி. காணாததைக் கணக்கெடுப்பது மறுபாதி. 1940 சனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் வேலைநிறுத்தத்தின்போது கோவிந்தன் சுட்டுக்கொல்லப்பட்டபின் போராட்ட அலை மலைநாடெங்கும் பரவி ஊவாவை அடைந்தது. அவ்வாண்டு மே மாதத்திற் பதுளையை அடுத்த வேவெஸ்ஸ தோட்டத்தில் தொழிலாளர் தாமே தேர்ந்தெடுத்த சபையொன்று அமைந்தது. தோட்டத்துரை அச்சபையுடன் கலந்தே கருமமாற்ற இணங்கினார் என்றும், ஒழுங்கை நிலைநாட்டச் சென்ற ஆயுதமேந்திய பொலிசாரின் ஆயுதங்களைத் தொழிலாளர் களைந்தனர் என்றும் இலங்கை இடதுசாரி இயக்க வரலாற்றாசிரியர் பதிவுசெய்துள்ளனர். பின்னர் வெள்ளம் ஊவாவை வெளியுலகிலிருந்து துண்டித்திருந்த நாட்களில் அடக்குமுறை அப்போராட்டத்தை ஒடுக்கிற்று.

நாம் பார்த்த சுருள் எதிலும் வேவெஸ்ஸ இல்லை. இது தற்செயலன்று. பிரசார சபைக்குத் தேவைப்பட்டது கோப்பையில் ஊற்றத்தக்க அமைதி. சபை அமைத்த தொழிலாளி அக்கோப்பைக்குள் அடங்கார். 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தாற் பெரும்பாலான தோட்டத் தொழிலாளர் நாடற்றோராக்கப்பட்டமை, 1964 ஒப்பந்தத்தில் 975,000 மக்கள் இரு அரசுகளுக்கிடையே எண்ணிக்கையாகப் பகிரப்பட்டமை, அதன்படி 525,000 பேர் இந்தியாவுக்கு எனக் குறிக்கப்பட்டமை ஆகியவற்றுக்கும் எழுத்தே முதற்சான்று. 1973 இல் பிரித்தானியாவின் கிரனாடாத் தொலைக்காட்சி ‘ஒரு கோப்பைத் தேநீரின் விலை’ என்னும் பொருளில் இலங்கைத் தோட்டங்களின் வறுமையைக் காட்டியபோது, அதே பிரித்தானிய வீடுகளுக்குள் வேறொரு வினாவுடன் கமரா நுழைந்தது. கமராவின் முன் நிற்கும் பெண் மாறவில்லை, பின்னின்ற நோக்கம் மாறியது, படம் மாறியது.

படமில்லாத இடத்தை எவ்வாறு நிரப்புவது? வேறொரு தோட்டத்தின் சிரிக்கும் பெண்களை வேவெஸ்ஸவின் பெயரால் வைத்தல் வரலாற்று மோசடியாகும். அதனினும் இருண்ட திரையும், தொழில் ஆணையாளரின் அறிக்கையிலிருந்தோ கண்டியிலிருந்த இந்திய அரசாங்க முகவரின் ஆண்டறிக்கையிலிருந்தோ வாசிக்கப்படும் வரியும், இன்றைய வேவெஸ்ஸ மலையின் காட்சியும் நேர்மையானவை. கோ. நடேசையர் முதலியோரின் துண்டுப்பிரசுரங்களும் பத்திரிகைகளும் திரையிற் காட்டத்தக்க ஆவணங்களே. எழுத்தும் படிமமே.

இன்றைய செய்திப்பதிவு நாளைய காப்பகம் என்பதையும் ஊவாவே நமக்கு உணர்த்திற்று. 2014 ஒக்தோபர் 29 அன்று கொஸ்லந்தையை அடுத்த மீரியபெத்தையில் மண் சரிந்து லயங்களைப் புதைத்தது. ஆபத்துப் பற்றி முன்னரே எச்சரிக்கப்பட்ட இடம் அது. அன்று தொலைக்காட்சிகள் எடுத்த காட்சிகளில் மண்ணும் இயந்திரங்களும் வருகை தந்த பிரமுகர்களும் தாராளமாக உள்ளனர். அச்சரிவின் கீழே மக்கள் எவ்வாறு வாழ்ந்தனர் என்பதைக் காட்டும் பதிவோ, தப்பியோரின் கைத்தொலைபேசிகளிலும் திருமண வீடியோக்களிலும் திருவிழா வீடியோக்களிலுமே கிடக்கும். அவற்றைத் திரட்ட எந்த லண்டன் காப்பகமும் வராது.

6

மேற்கூறியவற்றிலிருந்து சில முடிவுகளுக்கு வரலாம். பழைய காட்சித்துண்டு எதனையும் பயன்படுத்தும் படம், அது யாருக்காக, எங்கே, எப்பொழுது எடுக்கப்பட்டதென்பதைத் திரையிலேயே குறித்தல் வேண்டும். அறியவியலாதவிடத்து இடப்பெயரைப் புனைதல் ஆகாது. சுருளின் மூல ஒலியை நீக்கும் முன்னர் அதனைக் கேட்டல் வேண்டும். அக்காட்சியிலுள்ள வேலையை அறிந்தோரிடம் அதனைக் காட்டாமல் தொகுப்பு மேசைக்குக் கொண்டுசெல்லலாகாது.

இறுதியாக உடைமை பற்றிய வினா எழுகின்றது. காப்பகங்கள் பல, காட்சியின் நிமிடக் கணக்கிலும் படம் திரையிடப்படும் நாடுகளின் கணக்கிலும் கட்டணம் அறவிடுகின்றன. தன் பாட்டியின் உருவத்தைத் தன் படத்தில் வைக்க விரும்பும் பதுளை இளைஞன், அவளுக்கு நாட்கூலி கொடுத்த கம்பனியின் வாரிசுக்கோ அவ்வாரிசிடமிருந்து உரிமை பெற்ற நிறுவனத்துக்கோ பணம் செலுத்த வேண்டியவனாகின்றான். கொழுந்தின் உபரிமதிப்பு அன்று சென்ற திசையிலேயே இன்று உருவத்தின் உபரிமதிப்பும் செல்கின்றது.

எனவே பிரதிகள் ஊவாவுக்குத் திரும்புதல் வேண்டும் என்ற கோரிக்கையைப் பல்கலைக்கழகங்களும் தொழிற்சங்கங்களும் முன்வைத்தல் வேண்டும். ஊவா வெல்லஸ்ஸப் பல்கலைக்கழகம் பதுளையிலேயே உள்ளது. தோட்டப் பாடசாலைகள் உள்ளன. பார்த்தவுடன் தீபாவளிச் சேலையை அடையாளம் காணும் பாட்டிமாரும் இன்னும் உள்ளனர். அவர்கள் பார்த்து, பெயர் சொல்லி, பிழை திருத்திய பின்னரே அச்சுருள்கள் ஆவணங்களாகும். அதுவரை அவை தேயிலை விளம்பரங்களே. பாட்டிமாருக்கு வயதாகின்றது, இப்பணிக்குள்ள காலம் நீண்டதன்று.